‘இன்சென்டீஸ்’: படம் முடிந்ததும் எல்லோரும் கேட்கும் கேள்விகள்

எங்கள் ஊரில் மாதம் ஒரு படம் போடும் சின்னக் குழு ஒன்று இருக்கிறது. நாற்பது பிளாஸ்டிக் நாற்காலி, ஒரு புரொஜெக்டர், இடைவேளையில் டீ, அவ்வளவுதான். டெனி வில்நெவ் இயக்கிய ‘இன்சென்டீஸ்’ படத்தை இதுவரை மூன்று தடவை போட்டிருக்கிறோம். மூன்று தடவையும் விளக்குப் போட்ட பிறகு கொஞ்ச நேரம் யாரும் எழுந்திருக்கவில்லை. வாசலில் செருப்பு மாட்டும்போதுதான் வாயைத் திறந்தார்கள். கேள்விகள் ஏறக்குறைய ஒன்றேதான். ஒவ்வொருவருக்கும் வாட்ஸ்அப்பில் தனித்தனியாகப் பதில் அடித்து அலுத்துவிட்டதால் இங்கே சேர்த்து எழுதிவைக்கிறேன்.

முதல் ஆறு கேள்விகளைப் படம் பார்க்காதவர்களும் படிக்கலாம். அதற்குக் கீழே ரகசியம் எல்லாம் வெளியே வந்துவிடும். பார்க்கும் எண்ணம் இருந்தால் அங்கேயே நிறுத்திவிடுங்கள்.

கதை என்னன்னு சுருக்கமா சொல்லுங்களேன்?

கனடாவின் மாண்ட்ரியல் நகரம். நவால் மர்வான் என்ற பெண் இறந்துபோகிறார். அவருக்கு ஜேன், சிமோன் என்று இரட்டைப் பிள்ளைகள். நவால் யாரிடம் வேலை பார்த்தாரோ அந்த நோட்டரி லெபெல்தான் உயிலைப் படிக்கிறார். அதில் இரண்டு கடிதங்கள் இருக்கின்றன. ஒன்றை உங்கள் அப்பாவிடம் கொடுங்கள், இன்னொன்றை உங்கள் அண்ணனிடம் கொடுங்கள் என்று எழுதியிருக்கிறார். அப்பா போரில் செத்துவிட்டார் என்றுதான் பிள்ளைகள் நினைத்துக்கொண்டிருந்தார்கள். அண்ணன் ஒருவன் இருப்பதே அவர்களுக்குத் தெரியாது.

கடிதங்கள் போய்ச்சேரும் வரை தன்னைப் பெட்டியில் வைக்காமல், முகம் மண்ணைப் பார்க்கக் குப்புறப் புதைக்க வேண்டும், பெயர் பொறித்த கல் வைக்கக் கூடாது என்றும் உயில் சொல்கிறது. ஜேன் அம்மா பிறந்த நாட்டுக்குப் புறப்படுகிறாள், சிமோன் கோபத்தோடு பின்னால் வருகிறான். இன்னொரு பக்கம் இளம் வயது நவாலின் கதை ஓடுகிறது.

பேரை எப்படிச் சொல்றது? அர்த்தம் என்ன?

பிரெஞ்சுக்காரர்கள் ‘அன்சாந்தி’ என்பதுபோல மூக்கால் சொல்வார்கள். நாங்கள் போஸ்டரில் ‘இன்சென்டீஸ்’ என்றே போட்டோம், யாரும் சண்டைக்கு வரவில்லை. பொருள் ‘தீ விபத்துகள்’, ‘பற்றியெரியும் நெருப்புகள்’. பன்மை என்பதைக் கவனியுங்கள். ஒரு பேருந்து மட்டும் எரிவதில்லை.

வாஜ்டி முவாவத் எழுதி 2003-இல் மேடையேறிய நாடகம்தான் மூலம். அவர் லெபனானில் பிறந்து, சிறுவயதிலேயே போரால் பிரான்ஸுக்கும் பிறகு கியூபெக்குக்கும் போனவர். படம் 2010-இல் வந்தது. ஆஸ்கரில் சிறந்த வேற்றுமொழிப் படத்துக்கான கடைசி ஐந்தில் இருந்தது, விருது டென்மார்க் படத்துக்குப் போய்விட்டது. கனடாவின் ஜீனி விருதுகளில் எட்டு கிடைத்தன.

இது எந்த நாடு? மேப்ல தேடினா டாரெஷ்னு ஒரு ஊரே இல்லையே?

இருக்காது. டாரெஷ், டெரெஸா, கஃபர் ரியாத் எல்லாம் கற்பனைப் பெயர்கள். படத்தில் நாட்டின் பெயரை யாரும் சொல்வதே இல்லை. ஆனால் லெபனான் என்று கண்டுபிடிக்கப் பெரிய துப்பறிவாளர் தேவையில்லை. கிறிஸ்தவ ஆயுதக் குழுக்கள், பாலஸ்தீன அகதி முகாம்கள், தெற்கே ஒரு சிறை, பிரெஞ்சு பேசும் மேல்தட்டுக் குடும்பங்கள் எல்லாம் 1975 முதல் 1990 வரை நடந்த லெபனான் உள்நாட்டுப் போரின் அடையாளங்கள். அந்த நாட்டுக் காட்சிகளைப் படம் பிடித்தது மட்டும் ஜோர்டானில்.

பெயர் சொல்லாததில் ஒரு வசதி இருக்கிறது. பெய்ரூட் என்று சொல்லிவிட்டால் எந்தக் கட்சி, எந்த வருடம், யார் முதலில் சுட்டது என்று பார்ப்பவர்கள் கணக்குப் பார்க்க ஆரம்பித்துவிடுவார்கள். ஒரு குறையும் இருக்கிறது. படத்தில் நடிப்பவர்களின் அரபு பல ஊர் வழக்குகளின் கலவை. லெபனான் பேச்சு தெரிந்தவர்களுக்கு அது, திருநெல்வேலிக் கதையில் ஒருவர் கோவைத் தமிழும் இன்னொருவர் சென்னைத் தமிழும் பேசுவதுபோல இடறும்.

உண்மைக் கதையா சார்?

குடும்பக் கதை கற்பனை. சிறைக் கதைக்கு ஒரு நிஜ நிழல் உண்டு. சுஹா பெஷாரா என்ற பெண் தெற்கு லெபனானைச் சேர்ந்த கிறிஸ்தவக் குடும்பத்தில் 1967-இல் பிறந்தவர், கம்யூனிஸ்ட். இஸ்ரேல் ஆதரவோடு இயங்கிய தெற்கு லெபனான் படையின் தலைவர் அந்துவான் லஹாத் வீட்டுக்குள், அவர் மனைவிக்கு ஏரோபிக்ஸ் பயிற்சி தருபவராக நுழைந்தார். 1988 நவம்பரில் லஹாத்தை இரண்டு முறை சுட்டார். லஹாத் பிழைத்துக்கொண்டார். சுஹா, விசாரணை என்று எதுவும் இல்லாமல், அந்தப் படை நடத்திய கியாம் சிறையில் பத்து வருடம் கிடந்தார், பெரும்பகுதி தனிக்கொட்டடியில். 1998-இல்தான் விடுதலை.

படத்தில் நவால் கிறிஸ்தவக் குழுத் தலைவர் ஒருவரின் மகனுக்குப் பாடம் சொல்லித்தரும் ஆசிரியையாக நுழைகிறாள், சுடுகிறாள், அவர் செத்தே போகிறார். தண்டனை பதினைந்து வருடம். சிறைக்குள் நடப்பதும் பிள்ளைகள் கதையும் நாடகாசிரியரின் கற்பனை. சுஹாவின் வாழ்க்கையில் அவை நடந்ததாக நினைத்துக்கொள்ள வேண்டாம். இதை அழுத்திச் சொல்லக் காரணம், இரண்டாவது திரையிடலில் ஒருவர் மைக்கைப் பிடித்து அப்படியே நடந்ததாகப் பேசிவிட்டுப் போனார்.

வீட்ல எல்லாரோடயும் உட்கார்ந்து பார்க்கலாமா?

பிள்ளைகளோடு வேண்டாம். ரத்தம் நிறையக் கிடையாது, ஆனால் குழந்தைகள் சாகிறார்கள். பாலியல் வன்முறையைக் காட்சியாக நீட்டவில்லை என்றாலும் கதையே அதன் மேல்தான் நிற்கிறது. இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடும், நடுவில் போனை எடுக்காதீர்கள்.

யாரு யாரோட சண்டை போடுறாங்கன்னே புரியல?

பாதிப் பேருக்குப் புரிவதில்லை. இப்படி வைத்துக்கொள்ளுங்கள். ஒரு பக்கம் கிறிஸ்தவத் தேசியவாதிகளின் ஆயுதக் குழு. மறுபக்கம் அகதிகளுக்கு ஆதரவாக நிற்கும் முஸ்லிம் போராளிகள், அவர்களில் ஒரு தளபதி ஷம்சுத்தீன். நவால் கிறிஸ்தவக் கிராமத்துப் பெண். அவள் காதலித்த வஹாப் அகதி. அவனை நவாலின் அண்ணன்களே சுட்டுக் கொல்கிறார்கள். அப்போது அவள் கர்ப்பம். பிறந்த ஆண் குழந்தையின் குதிகாலில் பாட்டி ஊசியால் மூன்று புள்ளி பச்சை குத்தி, அநாதை இல்லத்துக்கு அனுப்பிவிட்டு, நவாலை நகரத்துக்குப் படிக்க அனுப்புகிறாள்.

நிஜ வரலாற்றில் இதைவிடச் சிக்கல். 1948-இலிருந்து லெபனானில் பாலஸ்தீன அகதிகள், 1970-க்குப் பிறகு ஜோர்டானிலிருந்து வந்த பாலஸ்தீனப் போராளிகள், அப்புறம் சிரியா, இஸ்ரேல். படம் இதையெல்லாம் ஒதுக்கிவிட்டு ஒரு பெண் கடந்துபோன வழியை மட்டும் காட்டுகிறது. வழி பிடிபட்டால் போதும்.

இனி வருவது படம் பார்த்தவர்களுக்கு.

அந்த பஸ் சீனுக்கு அப்புறம் அவ ஏன் எதிர்ப்பக்கம் போனா? அவளும் கிறிஸ்தவப் பொண்ணுதானே?

அந்தக் காட்சியில் கழுத்துச் சிலுவையைப் பாருங்கள். மகனைத் தேடித் தெற்கே போகும் நவால், அந்தப் பேருந்தில் ஏறுவதற்காகச் சிலுவையை மறைத்துத் தலையில் துணியைச் சுற்றிக்கொள்கிறாள். கொஞ்ச நேரத்தில் கிறிஸ்தவக் குழு பேருந்தை மறித்துச் சுடுகிறது, பெட்ரோல் ஊற்றுகிறது. இப்போது அதே சிலுவையை வெளியே எடுத்து நீட்டி ‘நான் கிறிஸ்தவச்சி’ என்று கத்தி உயிர் தப்புகிறாள். பக்கத்திலிருந்த பெண்ணின் சின்ன மகளையும் தன் மகள் என்று சொல்லித் தூக்கிக்கொள்கிறாள். குழந்தைக்குப் பொய் சொல்லத் தெரியவில்லை. அம்மாவைக் கூப்பிட்டுக்கொண்டு எரியும் பேருந்தைப் பார்த்து ஓடுகிறது. சுட்டுவிடுகிறார்கள்.

1975 ஏப்ரல் 13 அன்று பெய்ரூட்டின் அய்ன் எல் ரம்மானே பகுதியில் பாலஸ்தீனர்கள் வந்த பேருந்து தாக்கப்பட்டதைத்தான் லெபனானில் போரின் தொடக்கமாகச் சொல்வார்கள். லெபனான்காரர்களுக்குப் பேருந்து என்றதும் அந்த நாள் நினைவுக்கு வந்துவிடும்.

தன் மகனும் டெரெஸா முகாமோடு அழிந்திருப்பான் என்று நவால் முடிவுகட்டிவிட்டாள். எதிரி யார் என்பதும் முடிவாகிவிட்டது. அதன் பிறகுதான் ஷம்சுத்தீன் ஆட்களிடம் போகிறாள்.

அப்போ அப்பாவும் அண்ணனும் ஒரே ஆளா? நான் சரியாத்தான் புரிஞ்சுக்கிட்டேனா?

சரியாகத்தான் புரிந்துகொண்டீர்கள். அநாதை இல்லத்தில் அந்தப் பையனின் பெயர் நிஹாத், மே மாதம் வந்ததால் ‘மே மாத நிஹாத்’. ஷம்சுத்தீனின் ஆட்கள் இல்லத்தைத் தாக்கியபோது பிள்ளைகளைக் கொல்லாமல் எடுத்துப்போய் ஆயுதம் பழக்குகிறார்கள். நிஹாத் குறி தவறாமல் சுடுபவனாக வளர்கிறான். அம்மாவைத் தேடுகிறான், கிடைக்கவில்லை. தியாகியாகச் சாக அனுமதி கேட்கிறான், தன் போட்டோ சுவரெல்லாம் ஒட்டப்பட்டால் அம்மா எங்காவது பார்ப்பாள் என்று. ஷம்சுத்தீன் மறுக்கிறார். படத்தில் என்னை அதிகம் உலுக்கிய விஷயம் முடிச்சு அவிழும் இடம்கூட இல்லை, இந்தப் போட்டோ ஆசைதான். பிறகு எதிரிகளிடம் பிடிபடுகிறான், அவர்கள் அவனைச் சித்திரவதை செய்பவனாக மாற்றி அபு தாரெக் என்ற பெயரோடு கஃபர் ரியாத் சிறைக்கு அனுப்புகிறார்கள். அங்கே எவ்வளவு அடித்தும் பாடிக்கொண்டே இருக்கும் 72-ஆம் எண் கைதியை உடைக்க வேண்டும். அந்தக் கைதி நவால்.

ஆக அம்மாவும் மகனும் வெவ்வேறு சமயத்தில் ஒரே தளபதியிடம் வேலை பார்த்திருக்கிறார்கள். முதல் காட்சியை மறுபடி போட்டுப் பாருங்கள். ரேடியோஹெட் என்ற ஆங்கில ராக் குழுவின் பாட்டு ஓட, வரிசையாகச் சிறுவர்களுக்கு மொட்டை அடிக்கிறார்கள். ஒருவன் கேமராவையே முறைக்கிறான். அவன் குதிகாலில் மூன்று புள்ளி. ரகசியத்தை முதல் சில நிமிடத்திலேயே நம் கண்முன் வைத்துவிடுகிறார்கள்.

வயசுக் கணக்கு உதைக்குதே?

இல்லை, ஒத்துவரும். சித்திரவதைக்காரன் வருவது பதினைந்து வருடத்தின் தொடக்கத்தில் என்று நினைத்துக்கொள்வதால்தான் உதைக்கிறது. அவன் வருவது கடைசியில். மகன் பிறந்து சில வருடம் கழித்துப் போர், அப்புறம் கொலை, அப்புறம் நீண்ட சிறை. எல்லாம் கூட்டினால் அபு தாரெக் அப்போது இருபதை ஒட்டிய இளைஞன். நவால் பிரசவித்த பிறகுதான் வெளியே விடுகிறார்கள். பிறந்தவை இரட்டைக் குழந்தைகள் என்பதும், ஆற்றில் வீசப்பட இருந்தவற்றைத் தாதி காப்பாற்றினாள் என்பதும் பிள்ளைகளுக்கே பாதி வழியில்தான் தெரியவருகிறது. அவர்கள் தேடிப்போன சிறைக் குழந்தை அவர்களேதான்.

‘ஒண்ணும் ஒண்ணும் ஒண்ணாகுமா’ன்னு சிமோன் கேட்கிறானே, அதுல ஏதாவது கணக்கு இருக்கா?

ஜேன் கணிதத் துறையில் இருப்பவள். தொடக்கத்தில் வகுப்பில் கொல்லாட்ஸ் ஊகத்தைச் சொல்கிறார்கள். ஏதாவது ஒரு எண்ணை எடுங்கள். இரட்டைப்படை என்றால் பாதியாக்குங்கள், ஒற்றைப்படை என்றால் மூன்றால் பெருக்கி ஒன்றைக் கூட்டுங்கள். 7-இல் தொடங்கினால் 22, 11, 34, 17, 52, 26, 13, 40, 20, 10, 5, 16, 8, 4, 2, 1. எங்கே தொடங்கினாலும் ஒன்றில்தான் முடியும் என்பது ஊகம். இதுவரை சோதித்த எண்களெல்லாம் அப்படித்தான் முடிகின்றன, நிரூபணம் மட்டும் இன்னும் கிடைக்கவில்லை.

அதைக் கொண்டு 1+1=1 என்று காட்ட முடியாது, கணித ஆசிரியர்கள் கோபிக்க வேண்டாம். சிமோனுக்குத் தெரிந்துவிட்டது, வாயால் சொல்ல முடியவில்லை. ஜேனுக்குப் புரிகிற மொழியில் கேட்கிறான். அப்பா ஒன்று, அண்ணன் ஒன்று, இரண்டும் சேர்ந்தால் ஒன்று. ஜேன் மூச்சை உள்ளிழுக்கும் சத்தம் மட்டும் கேட்கிறது. வேறு விளக்கமே இல்லை. நம் படங்களில் இந்த இடத்தில் மூன்று நிமிடம் ஃபிளாஷ்பேக் ஓடியிருக்கும்.

அவன் கனடாவுக்கு, அதுவும் அதே நீச்சல் குளத்துக்கு வந்தானா? காதுல பூ சுத்துறாங்களே?

மாண்ட்ரியலில் நவால் போன குளத்திலேயே அவனும் இருப்பது கொஞ்சம் பூதான், ஒத்துக்கொள்கிறேன். நாடகத்தில் இப்படி இல்லை. அங்கே போர்க்குற்ற நீதிமன்றத்தில் அவன் சாட்சி சொல்லும்போது நவாலுக்குத் தெரியவருகிறது. குழந்தையோடு அனுப்பிய ஒரு கோமாளி மூக்குதான் அடையாளம். படம் அதைக் குதிகால் புள்ளிகளாக மாற்றியது. தற்செயல் அதிகமானாலும், எனக்கு இந்த மாற்றம் பிடிக்கும். கிரேக்கத் துன்பியலில் தந்தையைக் கொன்று தாயை மணந்த ஈடிப்பஸின் பெயருக்கே வீங்கிய கால் என்றுதான் பொருள். குழந்தையாக வீசப்பட்டபோது குத்தப்பட்ட கணுக்கால்.

கனடாவுக்கு வந்தது மட்டும் பூ இல்லை. போருக்குப் பிறகு மாண்ட்ரியலில் லெபனானியர் ஏராளமாகக் குடியேறினார்கள். ஓடிவந்தவர்களோடு துரத்தியவர்களும் வருவது நடக்கிற காரியம்தான். கியாம் சிறையில் மூத்த பொறுப்பில் இருந்து கொடுமை செய்ததாகக் குற்றம் சாட்டப்பட்ட ஒருவர் அமெரிக்காவில் பல வருடம் உணவகம் நடத்திக்கொண்டிருந்தார். 2019-இல் லெபனானுக்குத் திரும்பியபோது கைதானார். குற்றச்சாட்டை மறுத்தார். 2020-இல் காலக்கெடு கடந்துவிட்டது என்று வழக்கு கைவிடப்பட்டது.

பெத்த பிள்ளைங்ககிட்ட நேர்ல சொல்லாம, செத்த பிறகு ஏன் இப்படி அலைய விடணும்?

இதைக் கேட்காத ஆளே இல்லை. பெரும்பாலும் கோபத்தோடு கேட்கிறார்கள். எங்கள் குழுவில் ஓய்வுபெற்ற பத்திர எழுத்தர் ஒருவர் உண்டு, ‘இப்படி ஒரு உயிலை நான் எழுத மாட்டேன்’ என்று எழுந்து நின்றே சொன்னார்.

முதலில் ஒரு விஷயம் பலருக்கு நழுவிவிடுகிறது. நவால் இதை இருபது வருடம் ஒளித்துவைக்கவில்லை. ஒளித்தது சிறையில் நடந்ததை, இழந்த மகனை. அந்த இரண்டும் ஒரே ஆள் என்று குளத்தங்கரையில்தான் அவளுக்கே தெரிகிறது. தேடிய மூன்று புள்ளிகளைப் பார்க்கிறாள், சுற்றிப்போய் முகத்தைப் பார்க்கிறாள், அதோடு பிள்ளைகளிடம் பேச்சு நின்றுவிடுகிறது. ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபடி நோட்டரியிடம் சொல்லி எழுதவைத்ததுதான் உயில்.

அப்புறம், நேரில் என்ன சொல்லியிருப்பாள்? ஒரே வாக்கியம்தான், அதைக் கேட்ட பிள்ளைகளுக்கு அதற்கு மேல் எதுவும் காதில் ஏறாது. உயில் அவர்களை முதலில் பல்கலைக்கழகத்துக்கும் பிறகு கிராமத்துக்கும் அனுப்புகிறது, அங்கே இன்னும் அந்தக் குடும்பத்தின் பெயரைச் சொன்னாலே பெண்கள் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்கள். பிறகு சிறை, தாதி, கடைசியாக ஷம்சுத்தீன். இறுதி வாக்கியத்தைக் கேட்கும்போது அம்மா யார் என்று அவர்களுக்குத் தெரியும். சிடுசிடுவென்று இருந்த, கட்டிப்பிடிக்காத, விசித்திரமான அம்மா என்றுதான் சிமோன் அதுவரை வைத்திருந்தான். எனக்கு இந்தப் படம் யார் அப்பா என்ற புதிர் இல்லை. ஒரு செய்தியை எந்த வரிசையில் சொன்னால் கேட்பவர் உயிரோடு இருப்பார் என்ற யோசனை.

அவ்வளவு செஞ்சவனை மன்னிச்சுட்டாளா?

இரண்டு உறைகளும் ஒரே கைக்குத்தான் போகின்றன, ஆனால் ஒரே கடிதம் இல்லை. தந்தைக்கு எழுதியது சித்திரவதைக்காரனுக்கு எழுதியது. அதில் மன்னிப்பு என்று எனக்கு எதுவும் தெரியவில்லை. உண்மை தெரிந்ததும் நீ வாயடைத்துப்போவாய் என்கிற குரல். மகனுக்கு எழுதியது, என்ன நடந்தாலும் உன்னை நேசிப்பேன் என்று குழந்தைக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றுகிற கடிதம். மன்னித்தாளா என்று ஒரே பதில் கேட்டால் இரண்டில் ஒன்றைக் கிழித்துப்போட வேண்டியிருக்கும்.

பிள்ளைகளுக்கு ஒரு மூன்றாவது கடிதம் உண்டு. உங்கள் கதை எங்கே தொடங்குகிறது என்று கேட்கிறாள். நீங்கள் பிறந்ததில் தொடங்கினால் அது கொடூரத்தில் தொடங்கும். உங்கள் தந்தை பிறந்ததில் தொடங்கினால், நவாலும் வஹாபும் காதலித்த கதை அது.

கோர்ட், தண்டனைன்னு ஒண்ணுமே இல்லையா?

படத்தில் இல்லை. லெபனானிலும் பெரும்பாலும் இல்லை. 1991-இல் பொதுமன்னிப்புச் சட்டம் வந்தது. போர்க்காலக் குற்றங்களில் மிகப் பலவற்றை அது துடைத்துவிட்டது. அரசியல், மதத் தலைவர்களின் கொலைகள் போன்ற சிலவற்றுக்குத்தான் விலக்கு. நவாலின் கதையை அந்தச் சட்டத்தில் வைத்துப் பாருங்கள்: அபு தாரெக் செய்ததை மறந்துவிடலாம், நவால் சுட்டதை மறக்கக் கூடாது.

காணாமல்போனவர்கள் என்று அங்கே வழக்கமாகச் சொல்லப்படும் எண்ணிக்கை 17,000. அவர்களைத் தேட ஒரு தேசிய ஆணையம் அமைக்கும் சட்டம் 2018-இல்தான் வந்தது. பள்ளி வரலாற்றுப் பாடம் 1940-களின் சுதந்திரத்தோடு நின்றுவிடும், போரை எப்படிச் சொல்வது என்பதில் உடன்பாடு வராததால். நவால் வீட்டில் பேசாததை நாடே பேசாமல் வைத்திருக்கிறது.

கடைசியில கல்லறையில நிக்கிறது யாரு?

நிஹாத். கடிதங்கள் போய்ச்சேர்ந்தன, அதனால் பெயர் பொறித்த கல் வந்துவிட்டது. உயிலின் நிபந்தனை அதுதானே.

அந்தப் பச்சை குத்தின பாட்டி என்ன ஆனாங்க?

மூன்றாவது திரையிடலில், கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்த ஒரு வயதான அம்மா கேட்டார். அதுவரை யாரும் கேட்டதில்லை. படம் சொல்லவில்லை. நவாலை அண்ணன்களிடமிருந்து காப்பாற்றுகிறாள், எல்லோருக்கும் மானம் போய்விட்டது என்று திட்டுகிறாள், பிரசவம் பார்க்கிறாள், படி என்று சத்தியம் வாங்குகிறாள், அதோடு கதையிலிருந்து போய்விடுகிறாள்.

‘பிள்ளைய அடையாளம் தெரியணும்னுதான குத்தினா?’ என்றார் அந்த அம்மா. ஆமாம் என்றேன். ‘தெரிஞ்சிடுச்சே’ என்று சொல்லிவிட்டுச் செருப்பைத் தேடப் போனார்.